அரியாலைத் துடக்கு

தங்கச்சி கனடாவிலிருந்து வந்தபோது எனக்கு ஒரு சேட்டும் அம்மாவுக்கு ஒரு போர்வையும் கொண்டுவந்தாள். அதோடு இரண்டு பிளாஸ்டிக் குழாய்கள். துப்புவதற்கு என்றாள்.

"துப்பி என்ன செய்யிறது?"

"அனுப்புறது. எங்கடை பரம்பரை எங்கையிருந்து வந்ததெண்டு பாத்துச் சொல்லுவினம். அங்கை எல்லாரும் செய்யினம் அண்ணை."

"நாங்கள் நீர்வேலி. இதுக்கேன் துப்பல்?"

"அதுக்கு முந்தி?"

"அதுக்கு முந்தியும் நீர்வேலிதான்."

சிரித்தாள். அவள் தன்னுடையதை ஏற்கெனவே கொடுத்துவிட்டாளாம். பெண்ணின் துப்பலில் தகப்பன்வழியைக் கடைசிவரைக்கும் பிடிக்க ஏலாதாம். அதற்கு ஆண்பிள்ளை வேண்டுமாம். வீட்டில் ஆண்பிள்ளை நான் ஒருவன்தான்.

அந்த முறை அவள் வந்தது முக்கால்வாசி இதற்குத்தான். பின்னேரங்களில் அம்மாவைப் பக்கத்தில் இருத்தி வைத்துக்கொண்டு, பூட்டன் யார், பூட்டி எந்த ஊர், யார் யாரைக் கட்டினார்கள் என்று கேட்டுக் கேட்டு போனில் பதிந்தாள். அம்மாவுக்குக் கண் மங்கல். ஞாபகம் மங்கவில்லை. ஐயாவின் ஆட்களையும் தன்னுடைய ஆட்களையும் பிசகில்லாமல் சொன்னார். துப்பல் என்றதும்தான் முகம் மாறியது.

"என்ரை துப்பல் எனக்கு வேணும். கொண்டு போ உதை."

"சரி, அண்ணை துப்பட்டும்."

"அவனுக்கும் வேண்டாம். தோட்டம் செய்யிறவனுக்கு உது என்னத்துக்கு?"

அருவருப்பில் சொல்கிறார் என்று நினைத்தேன். வெற்றிலை போட்டிருந்தேன். வாயைக் கொப்பளித்துவிட்டுக் கொஞ்ச நேரம் ஒன்றும் தின்னாமல் இருக்கச் சொன்னாள். இருந்தேன். பிறகு துப்பினேன். குழாய் நிறைய நேரம் பிடித்தது. அதுவரைக்கும் அம்மா சுவர்ப் பக்கம் திரும்பி இருந்தார்.

அவள் போய்ச் சில கிழமைக்குப் பிறகு ஒரு காலை, நான் வாழைக்குப் பாத்தி பாத்தியாகத் தண்ணீர் மாறிக்கொண்டிருந்தபோது போன் அடித்தது. அங்கே அப்போது இரவு. அவள் அந்த நேரத்தில் எங்களுக்குப் போன் எடுப்பதில்லை.

"அண்ணை, பக்கத்திலை ஆரும் நிக்கினமோ?"

"வாழை நிக்குது. சொல்லு."

சொல்லவில்லை. எழும்பிக் கதவைச் சாத்துவது கேட்டது.

"மறுமொழி வந்திட்டுது. நீங்களும் நானும் தாய் ஒண்டாம். தேப்பன் வேறையாம்."

"மிசின் பிழை விட்டிருக்கும்."

"நானும் அப்பிடித்தான் நினைச்சனான். சித்தப்பான்ரை மோன்ரை பெட்டை இஞ்சை இருக்கிறாளெல்லே, அவளும் குடுத்தவள். அவளுக்கும் எனக்கும் பொருந்துது. உங்களுக்கும் அவளுக்கும் பொருந்தேல்லை."

"அப்ப நீ ஐயாவின்ரை."

"ஓம்."

"நான்?"

லண்டனில் ஒரு பெண் இருக்கிறாளாம். அவளும் துப்பினவளாம். எனக்கும் அவளுக்கும் தகப்பன் ஒன்று என்று காட்டுகிறதாம். அவளுடைய தகப்பன் அரியாலையில் இருக்கிறார். முந்தி பஸ் ஓட்டினவர். உயிரோடு இருக்கிறார், ஆனால் உடம்புக்கு ஏலாது. வீட்டுப் படம் ஒன்றும் அனுப்பியிருக்கிறாள். அந்தப் பெண் என்னோடு கதைக்கக் கேட்கிறாளாம்.

"இப்ப வேண்டாம். அம்மாட்டை ஒண்டும் கேக்காதை."

"கேக்க மாட்டன். நீங்கள் என்ன செய்யப் போறியள்?"

"தண்ணி மாறப் போறன்" என்றேன்.

ஐயா செத்தபோது கொள்ளி வைத்தவன் நான். கீரிமலையில் அந்தியேட்டி செய்தவன் நான். வருசம் வருசம் திவசம் கொடுப்பவன் நான். ஊர்க் கோயில் திருவிழாவில் ஒரு நாள் எங்கள் குடும்பத்து உபயம். அன்றைக்கு விரலில் தர்ப்பை போட்டுக் குருக்களுக்கு முன்னால் நிற்பது குடும்பத்தின் மூத்த ஆண். ஐயாவுக்கும் சித்தப்பாவுக்கும் பிறகு அதுவும் நான். இவ்வளவும் பிறத்தியான் ஒருவன் செய்ததா? ஐயாவுக்கு இது தெரியுமா, அல்லது ஏமாந்து வளர்த்தாரா? இதற்கு மறுமொழி அம்மாவிடம் மட்டும்தான் இருந்தது. கேட்டால் எண்பது வயதுத் தாயிடம் கேட்கக்கூடாததைக் கேட்டவன் ஆவேன். கேட்காமலும் இருக்க முடியவில்லை. சாப்பாட்டுக் கோப்பையை அவர் முன்னால் வைத்துவிட்டு உடனே தோட்டத்துக்குப் போய்விடுவேன். என் மனிசிக்கும் சொல்லவில்லை.

ஒரு நாள் திருநெல்வேலிச் சந்தைக்கு வாழைக்குலை கொண்டுபோனேன். ஒரு குலையை விற்காமல் மோட்டார் சைக்கிளில் கட்டிக்கொண்டு அரியாலைப் பக்கம் விட்டேன். படத்தில் இருந்த வீட்டைக் கண்டுபிடிப்பது கரைச்சலாக இருக்கவில்லை. வாசலில் நீலக் கேற். கேற்றுக்கு உள்ளே வேப்பமர நிழலில் பிளாஸ்டிக் கதிரையில் ஒரு கிழவர் இருந்தார். மடியில் துவாய். கால் இரண்டும் வீக்கம்.

"ஆர் தம்பி?" என்றார்.

"குலை வேணுமோ? கதலி."

"என்ன விலை சொல்லுறாய்?"

சொன்னேன். சந்தை விலையிலும் பார்க்கக் குறைத்துத்தான் சொன்னேன்.

"மலிவாச் சொல்லுறாய். பழுதோ?"

"பழுதில்லை. நல்ல குலை."

"எந்த இடம் நீ?"

"நீர்வேலி."

தலையை நிமிர்த்தினார். எங்கள் பக்கம் எவரும் அடுத்துக் கேட்கும் கேள்வியை அவரும் கேட்டார்.

"நீர்வேலியிலை ஆற்றை மோன்?"

யாருடைய மகன் என்று அங்கே நின்று சொல்ல வேண்டியிருந்தது. ஐயாவின் பேரைச் சொன்னேன்.

அவர் துவாயை எடுத்து வாயைத் துடைத்தார். மடித்தார். திரும்ப மடியில் வைத்தார்.

"நல்ல மனுசன்" என்றார். பிறகு, "கொம்மா இருக்கிறாவோ?"

"இருக்கிறா."

"ம்."

உள்ளே யாரையோ கூப்பிட்டுக் காசு கொண்டுவரச் சொன்னார். அதுவரைக்கும் நான் நிற்கவில்லை. குலையைக் கேற்றடியில் சாத்திவிட்டு, பிறகு வந்து வாங்குகிறேன் என்று சொல்லி வந்துவிட்டேன். போகவில்லை. அவருக்கு விளங்கியதோ இல்லையோ எனக்குத் தெரியாது. அவருடைய காது மடல் என்னுடையதைப் போல ஒட்டியிருந்தது. அதைப் பார்க்காமல் வந்திருக்கலாம்.

திருவிழா கிட்டக் கிட்ட வந்தது. கோயில் வெளிவீதியில் புல்லுச் செருக்க எல்லாரும் கூடினோம். சித்தப்பாவின் மகனும் வந்தான். என்னைவிடச் சில மாதம்தான் இளையவன். ஒன்றாக வளர்ந்தோம். தர்ப்பை போட்டு முன்னுக்கு நிற்பதற்கு அவனுக்குக் கனநாள் ஆசை. அதை ஊர் அறியும். கனடாவில் இருப்பது அவனுடைய மகள். ஆகவே அவனுக்கும் தெரிந்திருக்கும் என்று எனக்குத் தெரியும்.

எனக்குப் பக்கத்தில் வந்து குந்தினான்.

"அண்ணை, துப்பலுக்கு மறுமொழி வந்திட்டுதாமே."

"வந்தது."

"என்னவாம், நாங்கள் சோழரோ சேரரோ?"

"வாழையாம்."

"ஓ. ஒரே குலையோ, ரண்டு குலையோ?"

நான் புல்லைச் செருக்கினேன். அவன் எழும்பி மற்றப் பக்கம் போனான். அதற்குப் பிறகு அவன் வாயைத் திறக்கும்போதெல்லாம் செருக்குவதை நிறுத்திக் காது கொடுத்தேன். கோயில் கூட்டத்தில் ஒரு சொல் போதும். அம்மாவின் பேர் தேத்தண்ணிக் கடை வரைக்கும் போய்விடும்.

காலையில் அம்மாவுக்குப் பத்திரிகையில் மரண அறிவித்தல் வாசிப்பது என் வேலை. மற்றச் செய்தி ஒன்றும் அவருக்குத் தேவையில்லை. கொடியேறிய பிறகு, எங்கள் உபயத்துக்குச் சில நாள் இருக்கும்போது, பக்கத்தைத் திருப்பினேன். அந்த முகம் இருந்தது. வயது குறைந்த படம். கண்ணாடி போட்டிருந்தார்.

நிறுத்திவிட்டேன்.

"என்ன, நிப்பாட்டிப்போட்டாய்?"

விட்டுவிட்டு அடுத்ததை வாசித்திருக்கலாம். அவருக்குத் தெரிந்திருக்காது. ஆனால் வாசித்தேன். அரியாலையைப் பிறப்பிடமாகவும் வதிவிடமாகவும் கொண்ட என்று தொடங்கி, பேர், மனைவி பேர், பிள்ளைகள் பேர், லண்டன் எல்லாம். குரலை ஒரே மாதிரி வைத்திருந்தேன் என்றுதான் நினைத்தேன்.

அம்மா குடித்துக்கொண்டிருந்த தேத்தண்ணியைக் கீழே வைத்தார்.

"எப்ப எடுக்கினமாம்?"

"இண்டைக்குப் பின்னேரம்."

"கிணத்தடியிலை தண்ணி அள்ளி வை. தோய வேணும்."

அம்மா வெள்ளிக்கிழமைதான் தலையில் வார்ப்பார். அன்று வெள்ளி இல்லை. அள்ளி வைத்தேன். தோய்ந்துவிட்டு வந்து, ஈரத் தலையோடு விறாந்தையில் இருந்தார்.

"நீயும் தோய்."

"தோட்டத்தாலை வந்து தோயிறன்."

"இப்ப தோய்." பிறகு உள்ளே பார்த்து என் மனிசியிடம் சொன்னார். "பிள்ளை, சாமியறையைச் சாத்து. இண்டையிலை இருந்து விளக்கு வேண்டாம்."

"ஏன் மாமி? ஆர் செத்தது?"

"சாத்தெண்டுறன்."

மனிசி என்னைப் பார்த்தாள். "சாத்து" என்றேன்.

தோய்ந்துவிட்டு வந்தேன். தலை துவட்டவில்லை. அம்மாவுக்கு முன்னால் நிலத்தில் இருந்தேன்.

"அம்மா, திருவிழா வருது. தர்ப்பை போடவேணும்."

"நீ போடேலாது. உனக்குத் துடக்கு."

இத்தனை வருசம் பூட்டி வைத்திருந்ததை இவ்வளவில் சொல்லி முடித்தார். துடக்கு, அதாவது சாவுத் தீட்டு, ஆண்வழியில் வருவது. தகப்பன் செத்தால் மகனுக்கும் அந்த வழி ஆட்கள் எல்லாருக்கும் முப்பத்தொரு நாள் கோயில் இல்லை. அயலவர் செத்தால் செத்தவீட்டுக்குப் போய்வந்து தோய்ந்தால் சரி. எங்கள் ஊரில் ஒருவன் யாருக்குத் துடக்குக் காக்கிறான் என்று பார்த்தாலே அவன் யாருடைய ஆள் என்று தெரிந்துவிடும்.

"நான் ஐயாவின்ரை மோன்."

"ஓம். ஆர் இல்லையெண்டது? அவருக்குக் காக்க வேண்டியதெல்லாம் காத்தனி. இதையும் காக்கவேணும். சாமியோடை விளையாடேலாது மோனை."

"ஐயாவுக்குத் தெரியுமோ?"

"தெரியும்."

முகம் திருப்பாமல் சொன்னார். "தையல் பழகப் போய் அரியாலையிலை சின்னம்மா வீட்டை நிண்டனான். அந்தாளின்ரை வீட்டுக்காரர் ஒத்துக்கொள்ளேல்லை. அந்தாளும் வாய் திறக்கேல்லை. கொப்பர் இஞ்சை பக்கத்து ஒழுங்கை. தானா வந்து என்னைக் கேட்டவர். வயித்திலை ஒண்டு கிடக்கெண்டன். தெரிஞ்சுதான் வந்தனான் எண்டார். பேந்து ஒருநாளும் அதைக் கதைக்கேல்லை."

எனக்குத் தெரியும் என்பது அவருக்கு எப்படித் தெரிந்தது என்று நான் கேட்கவில்லை. பத்திரிகை வாசித்த குரலே போதும். ஐயா ஏமாந்து வளர்த்தாரோ என்ற கேள்வி அன்றைக்குத் தீர்ந்தது. மற்றக் கரைச்சல் தீரவில்லை. திருவிழாவில் நான் இல்லையென்றால் ஏன் இல்லை என்று கேட்பார்கள்.

அரியாலைக்கு நான் போகவில்லை. அங்கே கொள்ளி வைக்க அவருக்குப் பிள்ளைகள் இருந்தார்கள்.

அடுத்த நாள் பின்னேரம் சித்தப்பாவின் மகன் வந்தான். குளித்து, திருநீறு பூசி, விரதத்தோடு வந்திருந்தான். விறாந்தைக் கதிரையில் இருந்தான். அம்மா உள்ளே படுத்திருந்தார். நித்திரை இல்லை. கட்டில் சத்தம் கேட்டது.

"அண்ணை, குருக்கள் கேக்கிறார், ஆர் நிக்கிறதெண்டு. வழமை மாதிரி நீதானே?"

தேன் குரலில் கேட்டான்.

"நான் இல்லை. எனக்குத் துடக்கு."

அதை அவன் எதிர்பார்க்கவில்லை.

"ஆற்றை துடக்கு?"

"அரியாலையிலை ஒருத்தர்."

காலை நீட்டியிருந்தவன் மடக்கினான். ஒழுங்கையால் ஒரு லாண்ட்மாஸ்ரர் உழவு இயந்திரம் போனது. அது போய்ச் சத்தம் ஓயும்வரைக்கும் இருந்தான்.

"உனக்குத் துடக்கெண்டா எனக்கும் துடக்குத்தானே" என்றான். "ஒரு கொடிதானே நாங்கள்."

பகிடியாகக் கேட்டானோ உண்மையாகக் கேட்டானோ, அவனுடைய முகத்தில் எனக்குப் பிடிபடவில்லை. மனிசி தேத்தண்ணியோடு வாசலில் வந்து நின்றாள். அவளும் கேட்டுக்கொண்டு நின்றாள்.

ஓம் என்றால் அது பொய். இல்லாத துடக்கில் அவனைக் கோயிலுக்கு வெளியே நிறுத்தியவன் ஆவேன். இல்லை என்றால், அவனும் நானும் ஒரு கொடி இல்லை என்று என் வாயாலேயே சொன்னதாகும். சொல்லிவிட்டால் அதைத் திரும்ப எடுக்க ஏலாது.

"உனக்கில்லை" என்றேன். "எனக்கு மட்டும்தான்."

மனிசி தேத்தண்ணியை ஸ்ரூலில் வைத்துவிட்டு உள்ளே போனாள். உள்ளே கட்டில் சத்தமும் நின்றுவிட்டது.

துடக்கு வீட்டில் விரதகாரர் வாய் நனைக்க மாட்டார்கள். அவன் தேத்தண்ணியைப் பார்த்தான். தொடவில்லை. எழும்பிப் போவான், வீட்டுக் கிணற்றில் ஒருக்கால் முழுகுவான், தர்ப்பை அவனுக்கு என்று நினைத்தேன். இவ்வளவு காலம் கேட்டது கையில் கிடைத்துவிட்டது.

"என்ரை பெட்டை சொன்னவள்" என்றான். "மிசின் பிழையெண்டு அவளைப் பேசினனான்."

"பிழையில்லை."

"உன்னட்டை ஆர் கேட்டது?" முழங்காலைத் தேய்த்தான். "நீ ஒதுங்கி நிக்க நான் போய்த் தர்ப்பையைப் போட்டா ஊர் என்ன கேக்கும் தெரியுமோ? அண்ணனுக்குத் துடக்கு, தம்பிக்கு இல்லையோ எண்டு கேக்கும். அது நேரை பெரியம்மாவின்ரை வாசல்லை வந்து நிக்கும்."

"தெரியும்."

"தெரிஞ்சோ சொன்னனி?"

"வேறை என்ன செய்ய? துடக்கோடை உள்ளுக்குப் போகச் சொல்லுறியோ?"

"உன்னை ஆர் துப்பச் சொன்னது? வெத்திலையை மட்டும் துப்பிக்கொண்டு கிடந்திருக்கலாம்."

தேத்தண்ணியில் ஆடை படர்ந்துவிட்டது.

பிறகு அவன் கையை நீட்டிக் கோப்பையை எடுத்தான். ஆறிப்போனதை ஆடையோடு ஒரே மூச்சில் குடித்தான். கோப்பையை வைத்தான். வாயைத் துடைத்தான்.

"எனக்கும் துடக்குத்தான். குருக்களிட்டை நானே சொல்லுறன்."

"உனக்கில்லையெண்டு சொன்னனான்."

"இல்லாதவன் காத்தாக் குற்றமில்லை. உனக்காண்டி எண்டு நினையாதை. பெரியப்பா எங்களைச் சைக்கிளிலை ஏத்திப் பள்ளிக்கூடம் கொண்டு போறவர். நீ முன்பாரிலை, நான் கரியரிலை. அப்பவும் நீதான் முன்னுக்கு."

அதைச் சொல்லும்போதும் அவனுக்குக் கோபம்தான்.

"ஆர் செத்ததெண்டு கேப்பினம்" என்றேன்.

"உன்ரை துப்பலையே சொல்லுவம். கனடாவிலை பெட்டையள் பாத்தவையாம், பூட்டன்ரை வழியிலை அரியாலையிலை ஒரு கிளை இருந்ததாம், அதிலை ஒருத்தர் மோசம் போயிட்டார் எண்டு. சனம் நம்பும். இப்ப எல்லாச் சனமும் துப்புதுதானே." எழும்பினான். "மனிசிதான் என்னைக் கொல்லப் போறாள். திருவிழாவுக்கெண்டு சீலை எடுத்து வைச்சிருக்கிறாள்."

உள்ளேயிருந்து அம்மா கேட்டார். "ஆர் பிள்ளை வந்தது?"

யாரென்று அவருக்குத் தெரியும்.

"தம்பிதான் மாமி" என்றாள் மனிசி.

"ஆறினதைக் குடிச்சிட்டுப் போகப் போறான். சூடா ஒண்டு ஊத்திக் குடு."

அவன் திரும்பவும் இருந்தான். இரண்டாவது தேத்தண்ணியையும் குடித்தான்.

எங்கள் உபய நாளில் அயல் குடும்பத்தில் ஒருவரை நிறுத்தினார்கள். எங்கள் ஆட்கள் ஒருவரும் போகவில்லை. யார், என்ன முறை என்று நாலைந்து பேர் கேட்டார்கள். அவன் கதையைச் சொன்னான். நான் தலையாட்டினேன். ஒரு பெண் மட்டும் தன் மகனும் லண்டனில் துப்பியிருக்கிறான், தங்களுக்கும் எங்கேயாவது கிளை இருக்குமோ என்று யோசித்தாள். அம்மாவைப் பற்றி எவரும் ஒரு சொல் சொல்லவில்லை. சொல்ல வழி இருக்கவில்லை.

மனிசி அதற்குப் பிறகும் என்னிடம் ஒன்றும் கேட்கவில்லை. அம்மாவுக்கு முதலில் சோறு போட்டு வைக்கும் என் வேலையை மட்டும் தன் கையில் எடுத்துக்கொண்டாள்.

திருவிழா மேளம் தோட்டம் வரைக்கும் கேட்டுக்கொண்டிருந்தபோது தங்கச்சி போன் எடுத்தாள்.

"அண்ணை, அந்த லண்டன் அக்கா வந்து அரியாலையிலை நிக்கிறா. செத்தவீட்டுக்கு வந்தவ. உங்களுக்கு அறிவிக்கேல்லையெண்டு மனவருத்தப்படுறா. நீங்கள் ஆரெண்டு தாய்க்கு முன்னாலை சொல்ல ஏலாமல் போச்சாம். அவவுக்கு என்ன சொல்ல?"

யோசித்தேன். போய் நின்று அண்ணன் என்று சொல்ல என்னால் ஏலாது. அவளைத் தெரியாது என்று சொல்லவும் ஏலாது.

"நானும் துடக்குக் காக்கிறன் எண்டு சொல்லு."

"வேறை?"

"அது மட்டும் காணும்."

"அதிலை அவவுக்கு விளங்குமோ அண்ணை?"

"அரியாலைப் பிள்ளைதானே" என்றேன். "விளங்கும்."